ஒன்றே முக்கால் அடி

இடிக்கலாம் என்று எழுதி வரத்தான் அனுப்பினார்கள்.
ஆடி மாதம். செங்கோட்டைக் கணவாய்க் காற்று
முக்கூடல் பேருந்து நிறுத்தத்தில்
என் கைப்படிவங்களைப் பிடுங்கி
ஒருமுறை வாசித்துவிட்டுத் திருப்பித் தந்தது.

பீடித் தொழிலாளர் பிரசவ விடுதி.
கல்வெட்டில் அமைச்சர் பெயர், ஆட்சியர் பெயர்,
ஒப்பந்தக்காரர் பெயர், அவர் அப்பா பெயர்,
1964.
அதற்குக் கீழே இடமிருக்கிறது.
யாரோ சுண்ணாம்புக் கையைத் துடைத்திருக்கிறார்கள்.

நான் உதவிப் பொறியாளர். அளப்பது என் வேலை.
டேப்பின் மறுமுனையைக் காவலாளி சொரிமுத்து பிடித்துக்கொண்டார்.
சுவர் பதினாலு அங்குலம். சரி.
கூரை பதின்மூன்று அடி. சரி.
சன்னல் அடிமட்டம், தரையிலிருந்து
ஒன்றே முக்கால் அடி.
மறுபடி அளந்தேன்.
ஒன்றே முக்கால்.
விதிப்படி மூன்றடி.
'கட்டுமானப் பிழை' என்று எழுதினேன்.
அடுத்த சன்னலிலும் அதே பிழை.
பன்னிரண்டு சன்னலிலும்
அங்குலம் பிசகாமல் பிழைத்தவள் யார்?

கோப்பில் இருந்தாள்.
வரைபடத்தின் வலது மூலையில்
பியூலா ஞானதிலகம், பாளையங்கோட்டை.
மேலிடத்துக் கடிதங்கள் எல்லாம்
'திரு. ஞானதிலகம் அவர்களுக்கு' என்று தொடங்கின.
ஒவ்வொன்றிலும் 'திரு'வை அடித்து
'செல்வி' என்று எழுதித் திருப்பி அனுப்பியிருக்கிறாள்,
ஏழு முறை.
எட்டாவதிலும் 'திரு' என்றுதான் வந்தது.

சன்னலை உயர்த்துக என்று ஓர் ஆணை.
அவள் பதில் ஒரே வரி:
'ஐயா, இங்கே வருகிறவர்கள்
நிற்பதற்காக வருவதில்லை.'

இனி நான் சொல்வது கோப்பில் இல்லை.
சைக்கிளை வேம்பில் சாய்த்துவிட்டு வந்தவளிடம்
கொத்தனார் கேட்டிருப்பார்,
"இன்ஜினியரு பின்னால வாராகளாம்மா?"
தூக்குக்குண்டை எடுத்து
அவர் எழுப்பிய சுவரில் தொங்கவிட்டிருப்பாள்.
குண்டு ஆடி ஆடி நின்று
அரை அங்குலம் விலகிக் காட்டியிருக்கும்.
கட்டடம் கட்ட ஒரு பொம்பளையா என்று
ஊரே அதிசயித்த அந்தக் காலையில்
சாரத்துக்குக் கீழே சாந்துச் சட்டியோடு
முப்பது பேர் வரிசையில் நின்றார்கள்.
அவர்களும் பொம்பளைகள் என்பது
யாருக்கும் நினைவில்லை.

துருப்பிடித்த கட்டில் ஒன்று மீதியிருந்தது.
கைக்குட்டையால் தட்டிவிட்டுப் படுத்தேன்.
"என்ன மேடம், தலை சுத்துதா?"
இல்லை அண்ணாச்சி, அளக்கிறேன்.

படுத்த கண்ணுக்கு நேரே தாழ்வாரம்.
உள்ளே விடாத மூத்த பிள்ளைகள்
உட்காரக்கூடிய உயரம்.
அப்பாலே முற்றம், ஒரு குழாய்,
குழாயில் தண்ணீர் குடிக்கும் காகம்.

என் இரண்டாவது பிரசவம் கத்தி வைத்தது.
நான்கு நாள் நான் பார்த்தது
மின்விசிறியும் பாதி டியூப்லைட்டும்.
விதிப்படி அமைந்த சன்னலுக்கு வெளியே
மூத்தவள் கதறியது கேட்டது.
எழுந்து பார்க்கத் தையல் விடவில்லை.
அவளும் எட்டிப் பார்க்க உயரம் போதவில்லை.
இன்றுவரை அவள் தம்பியை
'உள்ளே இருந்தவன்' என்றுதான் திட்டுகிறாள்.

கூரை ஒழுகுகிறது. கம்பி உப்பி வெடித்திருக்கிறது.
மழையில் யாராவது உள்ளே படுத்தால்
பழி என் கையெழுத்துக்கு.
அதையும் எழுதத்தான் வேண்டும், எழுதினேன்.
இந்தச் சுவர்கள் தாங்காது பியூலா,
நீயே வந்தாலும் அதைத்தான் எழுதுவாய்.

'கட்டுமானப் பிழை'யை மட்டும் அடித்தேன்.
அதற்கு மேல் எழுத ஒரு சொல் தேடினேன்.
படிவத்தில் அப்படி ஒரு கட்டமே இல்லை.
ஓரத்தில் எழுதினேன்:
புதிய கட்டடத்துக்கும் சன்னல் அடிமட்டம்
ஒன்றே முக்கால் அடி.
காரணம் கேட்டால்
கேட்பவர் முதலில் படுத்துப் பார்க்கவும்.

கடைசிப் பேருந்தில் இடமில்லை.
ஆலங்குளம் வரை நின்றே வந்தேன்.
மேலிடத்துப் பதில் இன்னும் வரவில்லை.
'திரு' என்று தொடங்கினால்
பேனா பையில் இருக்கிறது.